பெரிய டீச்சர் வைத்த பெயர்கள்

பழனியிலிருந்து கொடைக்கானல் போகும் பேருந்தில்தான் அவரை முதன்முதலாகப் பார்த்தேன். டிக்கெட் கிழிக்க வந்த கண்டக்டரின் சட்டையில் குத்தியிருந்த பெயரைப் படித்துவிட்டு, "தண்டபாணின்னா என்ன அர்த்தம்னு தெரியுமா தம்பி?" என்று கேட்டார்.

கண்டக்டருக்கு நாற்பது வயதுக்குமேல் இருக்கும். "சாமி பேருங்க" என்றார்.

"சாமி பேருதான். அர்த்தம்?"

அவர் விழித்தார். பின்சீட்டில் யாரோ மீதிச் சில்லறைக்குக் கத்திக்கொண்டிருந்தார்கள்.

"பாணின்னா கை. தண்டத்தக் கையில வச்சிருக்கறவன். மலை மேல கோவணத்தோட நிக்கறாருல்ல, அவருதான். இம்புட்டு நாளா அவரச் சட்டையில குத்திக்கிட்டு டிக்கெட் கிழிச்சிருக்கீங்க."

கண்டக்டர் குனிந்து தன் சட்டையைப் பார்த்தார். பிறந்தது முதல் தன்னிடம் இருந்த பொருளை அன்றுதான் யாரோ எடுத்துக் கையில் கொடுத்தாற்போல ஒரு பார்வை. அப்புறம் சிரித்துக்கொண்டே பின்பக்கம் போனார்.

நான் வேலையில் சேரப்போன பள்ளிக்கூடத்தின் தலைமையாசிரியை அவர்தான் என்பது இறங்கும்போது தெரிந்தது. பண்ணைக்காட்டுப் பக்கம் போகும் சாலையில், காப்பித் தோட்டங்களுக்கு நடுவே, பிள்ளைகள் தங்கிப் படிக்கும் சின்னப் பள்ளிக்கூடம். மேல்மலையில் பூண்டும் உருளைக்கிழங்கும் போடுகிறவர்களின் பிள்ளைகள், எஸ்டேட்டில் வேலை செய்கிறவர்களின் பிள்ளைகள், கீழ்ச்சரிவுக் காட்டில் கடுக்காயும் கல்பாசியும் பொறுக்கும் பளியர் வீட்டுப் பிள்ளைகள். எல்லோருக்கும் அவர் பெரிய டீச்சர். நான் கணக்கு டீச்சர்.

பருத்திச் சேலைக்கு மேல் ஆண்கள் போடும் சாம்பல்நிற ஸ்வெட்டர், கம்பளிக் காலுறை, அதோடு ரப்பர் செருப்பு. வாயில் எப்போதும் ஒரு கிராம்பு. இப்படித்தான் அவர் கண்ணில் நிற்கிறார். இறந்து இரண்டு வருடமாகிறது. அவர் பெயரை நான் இங்கே எழுதவில்லை. அது அவர் வளர்ந்தபின் தனக்குத்தானே வைத்துக்கொண்ட பெயர். பெற்றவர்கள் வைத்த பெயரை ஒரே ஒருமுறை, பீன்ஸ் உரித்துக்கொண்டிருந்தபோது, என்னிடம் சொன்னார். அதையும் எழுதவில்லை.

பெயர்களைத் தவிர வேறெதிலும் அவருக்கு அவ்வளவு ருசி இருந்ததாக எனக்குத் தெரியவில்லை. யாரைப் பார்த்தாலும் பெயரைக் கேட்பார். அடுத்து அர்த்தத்தைக் கேட்பார். அதற்கடுத்து, யார் வைத்தது என்று கேட்பார். பூம்பாறையிலிருந்து வரும் பையன்களில் குழந்தைவேலுகள் அதிகம். "உங்கூருச் சாமியே கொழந்தைதானப்பா" என்று அவர்களைக் கன்னத்தில் தட்டுவார். குறிஞ்சி பூத்த வருஷத்தில் பிறந்த பெண்பிள்ளைகளில் ஒரே வகுப்பில் மூன்று குறிஞ்சிகள் இருந்தார்கள். அதில் அவருக்குப் பெரிய சந்தோஷம். "பொறந்த வருசத்தையே பேரா வச்சிருக்காங்க பாருங்க" என்பார்.

டாக்ஸி ஓட்டும் ஒருவர் மகளைச் சேர்க்க வந்தார். பிள்ளையின் பெயரை என்னால் ஒரே மூச்சில் சொல்ல முடியவில்லை. ஷவும் ஹவும் முட்டிக்கொண்டு நின்றன.

"அர்த்தம் என்னங்க?"

"போன்ல பாத்து வச்சது டீச்சர். நட்சத்திரத்துக்கு 'ஹ'வுலதான் ஆரம்பிக்கணும்னாங்க. நியூமராலஜியும் பாத்து நடுவுல ஒரு எழுத்துச் சேத்தோம்."

"சரிங்க. பாப்பா வளந்து, எம் பேருக்கு என்னப்பான்னு கேட்டா என்ன சொல்வீங்க?"

அவர் போனை எடுத்துத் தேட ஆரம்பித்தார். சிக்னல் கிடைக்கவில்லை. பெரிய டீச்சர் சிரிக்கவில்லை. "மெதுவாத் தேடுங்க. ஆனா அவ கேக்கறதுக்குள்ள கண்டுபிடிச்சு வைங்க" என்றார். அந்தப் பெயரை அவர் மாற்றவில்லை. பாசமாக வைத்த பெயரை மாற்றமாட்டார். வலிக்கிற பெயரைத்தான் மாற்றுவார்.

அப்படி ஒரு பெயர் மேல்மலையிலிருந்து வந்த போதும்பொண்ணு. மூன்றாவதும் பெண்ணாகப் பிறந்ததால், இதோடு போதும் என்று சாமிக்குச் சொல்லும் விதமாக வைத்தது. வருகைப் பதிவு எடுக்கும்போது அந்தப் பெயர் வந்ததும் பையன்கள், "போதும் டீச்சர், போதும்!" என்று கத்துவார்கள். அந்தப் பிள்ளையும் கூடவே சிரிக்கும். அதுதான் பெரிய டீச்சருக்குத் தாங்கவில்லை. அப்பாவை வரச்சொன்னார்.

"ஏங்க இப்படி ஒரு பேரு?"

"அடுத்ததாவது பையனாப் பொறக்கட்டும்னு எங்க ஆத்தா வச்சதுங்க."

"பொறந்துச்சா?"

அவர் தலையைச் சொறிந்தார். "அதுவும் பொண்ணுங்க."

"அப்பப் பேரு வேல செய்யலைல்ல? மாத்திருவோம்."

நிறைமதி என்று வைத்தார். முழுநிலவு. "போதும்ங்கறது என்ன, நெறைஞ்சிருச்சுன்னுதான அர்த்தம்? அதையே திருப்பிப் போட்டிருக்கேன், அவ்வளவுதான்" என்று அந்த அப்பாவிடம் விளக்கினார். மனிதர் அதைச் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டே பேருந்து ஏறினார்.

அன்று சாயங்காலம்தான் பீன்ஸ் உரித்தபடி தன் கதையைச் சொன்னார். ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் மூட்டை தூக்கியவரின் நாலாவது மகள். பெயரும் அதே ரகம். அப்பா சோற்றுக்குக் கூப்பிடும்போது மற்ற லோடுமேன்கள் அந்தப் பெயரை வைத்துச் சிரிப்பார்களாம். "எங்கப்பா கெட்டவரு இல்ல. அந்தப் பேரச் சொல்லித்தான் கூப்பிட்டு மடியில வச்சுச் சோறு ஊட்டுவாரு. ஆனா கூப்பிடறப்பல்லாம் சுத்தி யாரு சிரிக்கறாங்கன்னுதான் நான் பாப்பேன். வேலைக்குப் போனதும் மொத சோலியா அத மாத்துனேன். அவருக்குக் கடைசி வரைக்கும் புதுப்பேரு வாயில நுழையல."

பிச்சை என்று ஒரு பையன் இருந்தான். அவனுக்கு முன் பிறந்த இரண்டும் தங்கவில்லை. பழனி மலையில் மடியேந்திக் கேட்டு வாங்கிய பிள்ளை, அதனால் பிச்சை. இதெல்லாம் பெரிய டீச்சர் அவன் அம்மாவை உட்காரவைத்துக் கேட்டுத் தெரிந்துகொண்டார். "காரணம் உங்களுக்குத் தெரியும், சாமிக்குத் தெரியும். வகுப்புல உக்காந்திருக்கற பயலுகளுக்குத் தெரியாதேம்மா" என்று சொல்லி, அந்த அம்மாவின் சம்மதத்தோடு வேலவன் என்று வைத்தார். அவன் இப்போது திண்டுக்கல்லில் மருந்துக்கடை வைத்திருக்கிறான். கடைக்கும் அந்தப் பெயர்தான்.

இவ்வளவு விசாரிக்கிறவர் பளியர் பிள்ளைகளின் பெயர்களை மட்டும் ஏன் விசாரிக்கவில்லை என்று எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை. அவர்களிடம் அவருக்கு அன்பு அதிகம். தலைக்குப் பேன் பார்த்து எண்ணெய் வைத்து விடுவார். நல்ல பெயர்களைத் தேடித்தேடி வைப்பார். வெண்பா, முகில், கவின். சேர்க்க வரும் அப்பா அம்மாக்கள் மேசைக்கு எதிரே நாற்காலியில் உட்காராமல் சுவரோரமாக நிற்பார்கள். கேட்டதற்குத் தலையாட்டுவார்கள். வைத்த பெயருக்கும் தலையாட்டிவிட்டுப் போவார்கள்.

அதில் ஒருத்தி யாழினி. அவள் குடியிருப்பிலிருந்து படிக்க வந்தவள் அவள் ஒருத்திதான். நான் சேர்ந்தபோதே அவள் யாழினிதான். மூன்றாம் வகுப்போ நான்காம் வகுப்போ. மெலிந்த பிள்ளை, பேச்சே குறைவு. பாட்டு மட்டும் நன்றாகப் பாடுவாள். "இது வந்தப்ப என்னமோ ஒரு பேரு சொன்னாங்க, காதுலயே வாங்க முடியல. தொண்டையக் கேட்டுட்டு நாந்தான் யாழினின்னு வச்சேன்" என்று பெருமையாகச் சொல்வார்.

அவள் ஐந்தாம் வகுப்பு படிக்கும்போது அது நடந்தது. பள்ளி ஆண்டு விழாவுக்கு முந்தின நாள் காலை. மேடைக்கு மூங்கில் கட்டிக்கொண்டிருந்தார்கள். பெரிய டீச்சரும் நானும் வாசல் கேட்டுக்குப் பக்கத்தில் நின்று தோரணத்தைச் சரிபார்த்துக்கொண்டிருந்தோம். கேட்டுக்கு வெளியே சட்டையெல்லாம் நனைந்த ஓர் ஆள் வந்து நின்றார். முப்பது வயதுக்குள் இருக்கும். பளியர் என்று பார்த்தாலே தெரிந்தது.

"என்ன வேணுங்க?" என்றார் பெரிய டீச்சர்.

"பூச்சியக் கூட்டிட்டுப் போகணும்."

"யாரு?"

"பூச்சி. எங்கண்ணன் புள்ள."

பெரிய டீச்சரின் முகம் சுருங்கியது. "அந்த மாதிரிப் பேருள்ள புள்ள இங்க யாரும் இல்லீங்க. நாங்க எந்தப் புள்ளையையும் அப்படிக் கூப்பிடறதும் இல்ல. ஏரிப்பக்கம் பெரிய ஹாஸ்டல் ஒண்ணு இருக்கு, அங்க போய்க் கேளுங்க. வெரசாப் போனா பஸ் இருக்கும்."

அந்த ஆள் கேட்டின் கம்பியைப் பிடித்தபடி கொஞ்சநேரம் நின்றார். ஏதோ சொல்ல வாயெடுத்தார். பிறகு தலையாட்டிவிட்டுச் சாலையில் இறங்கி நடந்தார். எதற்காகக் கூட்டிப்போக வேண்டும் என்று அவர் சொல்லவில்லை. நாங்களும் கேட்கவில்லை, பெரிய டீச்சர் அதற்குள் தோரணத்துக்குத் திரும்பிவிட்டார்.

பொழுது சாயும் நேரத்தில் காய்கறி வண்டி ஒன்று வந்து நின்றது. அதே ஆள், கூடவே வண்டி டிரைவர். பேசியது டிரைவர்தான்.

"டீச்சர், இவரு காலையில இருந்து ஒவ்வொரு ஹாஸ்டலா அலையறாரு. இவங்கண்ணன நேத்துச் சாயங்காலம் காட்டுமாடு முட்டிருச்சு. ஆளு போயிட்டாரு. அந்தப் பொண்ணக் கூட்டிட்டுப் போய் மொகத்தக் காட்டத்தான் வந்திருக்காரு. பள்ளிக்கூடத்துல வச்ச பேரு இவருக்குத் தெரியல. புள்ள நல்லாப் பாடும், இந்த ரோட்டுல இருக்கற பள்ளிக்கூடந்தான்னு இவரு சொன்னாரு. அதான் திரும்பக் கேட்டுப் பாக்கலாம்னு வந்தோம்."

பெரிய டீச்சர் மெல்லத் திரும்பினார். மேடையில் ஒத்திகை நடந்துகொண்டிருந்தது. அங்கே பாடிக்கொண்டிருந்த யாழினி சித்தப்பாவைப் பார்த்துவிட்டாள். பாட்டைப் பாதியில் விட்டு ஓடிவந்தாள்.

"பூச்சி" என்றார் அவர். அவள் அவர் இடுப்பைக் கட்டிக்கொண்டாள்.

அந்தக் காய்கறி வண்டியிலேயே பெரிய டீச்சரும் நானும் அவளோடு போனோம். பாதி வழிக்குமேல் வண்டி போகாது. காப்பித் தோட்டத்துக்குள் இறங்கி நடந்தோம். அடக்கம் மத்தியானமே முடிந்துவிட்டிருந்தது. ஆஸ்பத்திரியில் அறுத்துக் கொடுத்த உடம்பை அதற்குமேல் வைத்திருக்க முடியவில்லை என்றார்கள். பிள்ளைக்காக ஆனமட்டும் காத்திருந்திருக்கிறார்கள். புது மண்ணின் மேல் காட்டுப்பூ போட்டிருந்தது. யாழினி அதன் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். அழவில்லை. மண்ணைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள்.

அவள் அம்மா எங்களுக்கு ஒரு சாக்கை விரித்துப் போட்டார். யாரும் எங்களைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் கொஞ்சம் எளிதாக இருந்திருக்கும். வெகுநேரம் கழித்துப் பெரிய டீச்சர், "ஏம்மா... பூச்சின்னு ஏன் பேரு வச்சீங்க?" என்று கேட்டார். குரல் அவருடையதாகவே இல்லை.

அந்த அம்மா மகளையே பார்த்துக்கொண்டு சொன்னார்.

"மாசத்துக்கு முன்னயே பொறந்துருச்சுங்க. ஒரு கை அகலந்தான். அழுகல, அசையல. செத்துப்போச்சுன்னு எங்க மாமியா துணியப் போட்டு மூடிருச்சு. இவ அப்பாதான் பக்கத்துலயே குத்தவச்சு இருந்தாரு. துணிக்குள்ள பூச்சி கத்துற மாதிரி ஒரு சத்தம் கேட்டுச்சாம். எனக்குக் கூடக் கேக்கல, அவருக்குத்தான் கேட்டுச்சு. துணிய எடுத்துட்டு 'பூச்சி, பூச்சி'ன்னு கூப்பிட்டாரு. கூப்பிடக் கூப்பிட இதுவும் சத்தம் குடுத்துச்சு. விட்டாப் போயிருமோன்னு விடிய விடியக் கூப்பிட்டுக்கிட்டே இருந்தாரு. அதான் பேரு."

பிறகு பெரிய டீச்சரைப் பார்த்து, "நீங்க நல்ல பேராத்தான் வச்சீங்க" என்றார்.

பெரிய டீச்சர் சேலைத் தலைப்பை வாயில் அழுத்திக்கொண்டார். திரும்பி மேலேறும்போது வழியெல்லாம் ஒரே வாக்கியத்தைத்தான் சொல்லிக்கொண்டு வந்தார். "நான் கேக்கவே இல்லையே. அத்தன பேர்கிட்டக் கேட்டேன், இவங்ககிட்டக் கேக்கவே இல்லையே."

யாழினி பல வாரங்கள் பள்ளிக்கு வரவில்லை. பெரிய டீச்சர் ஞாயிற்றுக்கிழமைகளில் வெள்ளனே கிளம்பிக் கீழே இறங்கிப்போவார். படிக்க அனுப்பு என்று கேட்டதில்லை. அரிசியோ பருப்போ கொண்டுபோய்க் கொடுத்து, சும்மா உட்கார்ந்திருந்துவிட்டு வருவார். கடைசியில் அந்த அம்மாதான் ஒரு திங்கட்கிழமை மகளைக் கொண்டுவந்து விட்டுவிட்டுப் போனார்.

அன்று வருகைப் பதிவு எடுக்கப் பெரிய டீச்சரே வகுப்புக்கு வந்தார். அந்தப் பெயர் வரும் இடத்தில் நிறுத்தி, எல்லோருக்கும் கேட்கும்படி, "பூச்சி" என்று கூப்பிட்டார். வகுப்பு சிரிக்கத் தொடங்கி, அவர் முகத்தைப் பார்த்து அடங்கியது. யாழினி எழுந்திருக்கவில்லை. மறுபடியும் கூப்பிட்டார். அவள் எழுந்து நடந்து அவர் நாற்காலிப் பக்கம் வந்தாள். மெதுவாகத்தான் சொன்னாள். வாசலில் நின்ற எனக்கும் கேட்டது.

"அப்படிக் கூப்பிடாதீங்க டீச்சர். அது எங்கப்பா கூப்பிடுறது."

அதற்குப்பின் பெரிய டீச்சர் யாருக்கும் பெயர் வைக்கவில்லை. பார்த்தவர்களிடமெல்லாம் அர்த்தம் கேட்பதும் நின்றுபோனது. புதுப் பிள்ளைக்குப் பெயர் சொல்லச்சொல்லி யாராவது கொடைக்கானலிலிருந்து தேடிவந்தாலும், "உங்க வீட்டு ஆளுங்களக் கேளுங்க" என்று அனுப்பிவிடுவார். பளியர் பிள்ளைகள் சேர வந்தால் நாற்காலியை எடுத்து அவரே சுவரோரமாகப் போட்டு, அவர்கள் உட்கார்ந்தபின்தான் பேசுவார். வீட்டில் கூப்பிடும் பெயர் என்ன, அது எப்படி வந்தது என்று கேட்டுக்கொள்வார். ஆனால் அந்தப் பெயரைத் தன் வாயால் ஒருநாளும் சொல்லமாட்டார். தெரிந்து வைத்துக்கொள்வதோடு சரி. எனக்கு அது அதிகம் என்றுகூடத் தோன்றும். ஒருமுறை சொல்லிப் பார்த்தேன். "உங்களுக்குப் புரியாது கணக்கு டீச்சர்" என்றார். எனக்கு மேலும் கேட்கத் தைரியம் வரவில்லை.

ஓய்வு பெற்றபின் நாயுடுபுரத்தில் ஒரு வீட்டின் கீழ்ப்பகுதியை வாடகைக்கு எடுத்துத் தனியாக இருந்தார். ஒட்டன்சத்திரத்துச் சகோதரிகள் கூப்பிட்டும் போகவில்லை. மலைக்குளிர் பழகிவிட்டது என்றார். மாதத்தில் ஒரு நாளாவது நான் போய்ப் பார்ப்பேன். அப்படிப் போயிருந்த ஒரு நாளில்தான் யாழினி வந்தாள். வட்டக்கானலில் ஒரு விருந்தினர் விடுதியில் சமையல் வேலை பார்க்கும் பையனைக் கட்டியிருந்தாள். கையில் கம்பளியில் சுற்றிய பெண்குழந்தை.

பெரிய டீச்சர் காப்பி போட்டார், பிஸ்கட் எடுத்து வைத்தார், குழந்தையின் காலுறையைச் சரிசெய்தார். யாழினி காப்பியைக் குடித்து முடித்துவிட்டுச் சொன்னாள்.

"டீச்சர், நீங்கதான் இவளுக்குப் பேரு வைக்கணும்."

"நான் இப்பல்லாம் வைக்கறது இல்லம்மா. உங்கம்மாகிட்டக் கேளு. இல்லன்னா உன் வீட்டுக்காரர்கிட்டக் கேளு."

"அம்மாதான் உங்களக் கேக்கச் சொன்னாங்க."

பெரிய டீச்சர் நிமிர்ந்து பார்த்தார்.

"ஆமா டீச்சர். அவர் ஒரு பேரு சொன்னாரு, நான் ஒண்ணு சொன்னேன். அம்மா ரெண்டையும் வேணாம்னுட்டாங்க. 'உன் தொண்டையக் கேட்டு டீச்சர் வச்ச பேருல, உங்கப்பா போனப்புறம் நான் உன்னைக் கூப்பிட்டேன். பழைய பேரு எனக்கும் வாயில வரல. டீச்சர் வச்ச பேரு இல்லன்னா நான் எதச் சொல்லி உன்னைக் கூப்பிட்டிருப்பேன்'னாங்க. அவங்களும் வந்திருக்காங்க. வெளிய படிக்கட்டுல உக்காந்திருக்காங்க. உள்ள வாங்கன்னா வரமாட்டேங்குறாங்க."

பெரிய டீச்சர் குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு நெடுநேரம் அதன் முகத்தைப் பார்த்தார். எத்தனை பெயர்கள் அவர் நாக்கில் இருந்திருக்கும் என்று எனக்குத் தெரியும். ஒன்றும் வெளியே வரவில்லை.

"உங்கம்மா பேரு என்ன யாழினி?" என்று கேட்டார்.

எனக்குச் சுருக்கென்றது. இத்தனை வருடங்களில் அந்த அம்மாவை நாங்கள் எல்லோரும் "யாழினி அம்மா" என்றுதான் சொல்லியிருக்கிறோம்.

"வீராயி."

"அதுதான் இவளுக்கும்."

யாழினி சிரித்துவிட்டாள். கண்ணில் நீரும் வந்தது. "அம்மா பேரா? அம்மா பேரச் சொல்லி எப்படி டீச்சர் இவள அதட்டுறது?"

"அதட்டாத" என்றார் பெரிய டீச்சர். பிறகு, பல வருடங்களுக்குப் பின், ஒரு சொல்லுக்கு அர்த்தம் சொன்னார். "பேத்தின்னா என்னன்னு நெனச்ச? பெயர்த்தி. பாட்டி பேர வாங்கிக்கிட்டு வர்றவ. பேரனும் அப்படித்தான், பெயரன். அந்தக் காலத்துல இதுக்குத்தான் அந்தச் சொல்லே."

குழந்தையைத் தூக்கிக்கொண்டு எழுந்தார். மூட்டுவலியில் ஒரு கையால் சுவரைப் பிடித்தபடி வாசலுக்கு வந்தார். நானும் யாழினியும் பின்னால் வந்தோம். சாலைக்கு இறங்கும் படிக்கட்டின் கடைசிப் படியில் அந்த அம்மா எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் ஒரு பையில் மலைவாழைப்பழம். பனி இறங்கத் தொடங்கியிருந்தது.

பெரிய டீச்சர் குனிந்து குழந்தையின் காதருகே வாயை வைத்து, "வீராயி" என்றார்.

காதில் சொல்கிற அளவுக்கு மெதுவாக இல்லை அது. கீழே உட்கார்ந்திருந்தவர் திரும்பிப் பார்த்தார்.

"என்னங்க டீச்சர்?" என்று கேட்டுக்கொண்டே எழுந்து, படியேறி வந்தார்.